திருநெல்வேலிச் சீமையின் ஜிம் உரிமையாளர்களுக்கும் மாஸ்டர்களுக்கும் ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய அண்ணாச்சிமார்களுக்கும், இத்தொழிலில் எனக்குப் பின்னால் வந்த தம்பி தங்கையருக்கும் வணக்கம்.

பாளையங்கோட்டையில் 22 ஆண்டுகளாக ஒரு சிறிய உடற்பயிற்சிக் கூடத்தை நடத்தி வருகிறேன். மாடியில் ஒரே ஒரு நீண்ட அறை. நான்கு பெஞ்சுகள், ஒரு ஸ்குவாட் ஸ்டாண்டு, இரண்டு ட்ரெட்மில்கள், சுவரோரம் டம்பெல் வரிசை, மூலையில் இப்போது யாரும் அதிகம் தொடாத இரண்டு கர்லாக் கட்டைகள். உங்களில் பலர் என்னை நேரில் அறிவீர்கள். சிலர் என் கூடத்திலேயே பயின்று, பிறகு தனியாகத் தொழில் தொடங்கியவர்கள். அரசுக்கு எழுத வேண்டிய செய்திகளும் என்னிடம் உண்டு. ஆனாலும் நம் தொழிலில் இன்று மண்டியிருக்கும் குறைகளில் பெரும்பகுதி நம் கையால் நேர்ந்தவை, நாம் மனம் வைத்தால் நாமே நீக்கக் கூடியவை என்று உறுதியாக நம்புவதால், முதல் மடலை உங்களுக்கே எழுதுகிறேன்.

சென்ற ஆவணி மாதத்தில் ஒரு நாள் மாலை, ஆறரை மணி இருக்கும், கூடம் நிறைந்திருந்த நேரம். வேறொரு ஜிம்மிலிருந்து விலகி, என்னிடம் சேர்ந்து மூன்று வாரமே ஆகியிருந்த 19 வயதுக் கல்லூரி மாணவன் ஒருவன் என் மேசைக்கு அருகில் வந்து, பையிலிருந்து ஒரு ஜியாமெட்ரி பாக்ஸை எடுத்துத் திறந்தான். பள்ளிப் பிள்ளைகள் காம்பஸும் பாகைமானியும் வைத்திருக்கும் அந்தத் தகரப் பெட்டிக்குள், பஞ்சில் சுற்றிய சிறிய மருந்துக் குப்பியும், உறை பிரிக்காத இரண்டு ஊசிகளும் இருந்தன. "மாஸ்டர், இத எனக்குப் போட்டு விடுதியளா? அங்க மாஸ்டர்தான் போட்டு விடுவாவ" என்று கேட்டுவிட்டு, சட்டையை மடித்துக் கையை நீட்டினான். குப்பியின் மேல் மெபென்டெர்மின் என்று இருந்தது. அறுவை அரங்கில் மயக்க மருந்து கொடுக்கப்பட்ட நோயாளிக்கு ரத்த அழுத்தம் சரியும்போது, அதை உயர்த்துவதற்காக மருத்துவர்கள் ஏற்றும் மருந்து அது. மருத்துவரின் சீட்டு இல்லாமல் விற்கவே கூடாதது. அதைப் போட்டுக்கொண்டால் களைப்புத் தெரியாமல் எடை தூக்கலாம் என்று யாரோ சொல்லி, ஆறு மாதமாக அவன் போட்டுக்கொண்டு வந்திருக்கிறான். மணிக்கட்டைப் பிடித்து நாடி பார்த்தேன். உட்கார்ந்திருக்கும் நிலையிலேயே நிமிடத்துக்கு 120-ஐத் தாண்டி ஓடியது. இரவில் தூக்கம் வருவதில்லை என்றும், ஊசி போடாத நாளில் எழுந்திருக்கவே முடியவில்லை என்றும் தயங்கித் தயங்கிச் சொன்னான். அன்றே அவன் தகப்பனாரை வரவழைத்து, இருவரையும் மருத்துவரிடம் அழைத்துச் சென்றேன். லோடு ஆட்டோ ஓட்டும் அந்த மனிதர் வழி நெடுகிலும் ஒரு வார்த்தை பேசவில்லை.

அந்தப் பையன் கையை நீட்டிய விதம்தான் இன்றுவரை என் மனத்தை அறுக்கிறது. பயமும் கூச்சமும் சிறிதும் இல்லாமல், தாயிடம் சோற்றுக்குக் கை நீட்டும் பிள்ளையைப் போல நீட்டினான். மாஸ்டர் என்று ஒருவரை அழைத்துவிட்டால், அவர் சொல்வதைத் தன் உடம்புக்குள் செலுத்திக்கொள்வதற்கு நம் பிள்ளைகள் தயங்குவதில்லை. அவ்வளவு பெரிய நம்பிக்கையைக் கையில் வாங்கும் நம்மில் எத்தனை பேர் அதற்குரிய கல்வியைப் பெற்றிருக்கிறோம் என்ற கேள்வியை, முதலில் என்னிடமும் பிறகு உங்களிடமும் கேட்காமல் இருக்க முடியவில்லை.

இந்த நாட்டுக்கு நம் தொழில் தேவையில்லாத ஒன்று என்றால் நான் இவ்வளவு கவலைப்பட மாட்டேன். 2022-ஆம் ஆண்டு நிலவரப்படி இந்தியாவில் வயது வந்தோரில் ஏறக்குறைய பாதிப்பேர் போதிய உடலுழைப்பு இல்லாதவர்கள் என்று 2024-இல் லான்செட் குளோபல் ஹெல்த் இதழில் வெளியான ஆய்வு கூறுகிறது. பெண்களில் அந்தப் பங்கு 57 விழுக்காடு. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் குழுமத்தின் ஆதரவோடு நடந்து 2023-இல் வெளியான ஆய்வு, நாட்டில் 10 கோடிக்கும் மேற்பட்டோர் சர்க்கரை நோயுடன் இருப்பதாக மதிப்பிட்டது. நம் மாநிலத்தில் 15 முதல் 49 வயது வரையுள்ள பெண்களில் 40.4 விழுக்காட்டினரும், ஆண்களில் 37 விழுக்காட்டினரும் அளவுக்கு மிஞ்சிய எடையுடன் இருப்பதாக ஐந்தாவது தேசிய குடும்பநலக் கணக்கெடுப்பு காட்டுகிறது. வாரத்துக்கு 150 நிமிடமாவது மிதமான உடற்பயிற்சியும், அதோடு இரண்டு நாள் தசைகளுக்கு வலுவூட்டும் பயிற்சியும் வேண்டும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் அறிவுரை. அந்த இரண்டு நாள் பயிற்சியை முறையாகச் சொல்லிக்கொடுக்கக் கூடிய இடங்கள் நம் கூடங்கள்தாம். இருந்தும் நாட்டின் மக்கள்தொகையில் நூற்றுக்கு ஒருவர்கூட ஜிம்மில் உறுப்பினராக இல்லை. வெளியே நிற்கும் அந்த 99 பேரும் பணம் இல்லாமல் மட்டும் வராமலிருக்கவில்லை. நம்மைக் கண்டு அஞ்சியும், நம்மை நம்பாமலும் வராமலிருப்பவர்கள் அவர்களில் ஏராளம்.

நம் ஊருக்கு உடம்பை வளர்ப்பது புதிய பாடமும் அன்று. தாமிரபரணியில் எதிர்நீச்சலடித்து வளர்ந்த தோள்களை இன்றும் ஆற்றுப் படித்துறைகளில் காணலாம். சிலம்பமும் அடிமுறையும் இந்தத் தென்கோடியில் இன்னும் உயிரோடு இருக்கின்றன. வடலிவிளையில் பொங்கல் தோறும் ஆண்களும் பெண்களும் இளவட்டக்கல்லைத் தூக்கித் தோளுக்கு மேல் கொண்டுபோய்ப் பின்னால் போடுவதை வெளியூர்க்காரர்கள் வந்து பார்த்துச் செல்கிறார்கள். என் தகப்பனார் காலத்துத் தேகப்பயிற்சி சாலைகளில் தண்டாலும் பஸ்கியும் கர்லாவும் இருந்தன, ஆளுயரக் கண்ணாடி இல்லை, கட்டணம் என்று பெரிதாக ஒன்றும் இல்லை. அந்தக் காலத்தை அப்படியே திரும்பக் கொண்டுவர வேண்டும் என்று நான் சொல்லவில்லை. அங்கும் அறியாமையால் முட்டியையும் முதுகையும் கெடுத்துக்கொண்டவர்கள் உண்டு. ஆனால் அங்கே உஸ்தாதுக்குத் தன் மாணவனிடம் விற்பதற்கு ஒன்றும் இருக்கவில்லை என்பதை மட்டும் நினைவில் வையுங்கள்.

தொழிலின் வரவு செலவை வெளிப்படையாகப் பேசாமல் மற்றதைப் பேசுவது நியாயமாகாது. நம்மில் யாரும் பேராசையால் மட்டும் தவறு செய்யவில்லை என்பதை நான் அறிவேன். 2020 மார்ச்சில் மூடிய கூடங்களை ஆகஸ்ட் 10-ஆம் தேதிதான் தமிழ்நாட்டில் திறக்க முடிந்தது. மறு ஆண்டு இரண்டாம் அலையில் மீண்டும் மூடினோம். வாடகையும் வங்கித் தவணையும் மட்டும் மூடவில்லை. பேட்டையில் என் நண்பர் ஒருவர், தவணையில் வாங்கிய கருவிகளைப் பழைய இரும்புக் கடையில் கிலோ கணக்கில் போட்டுவிட்டு வெளிநாடு போனார். எஞ்சியவர்களை 2023 டிசம்பர் 17, 18 தேதிகளின் பெருவெள்ளம் அடித்தது. ஜங்ஷன் பக்கத்தில் தரைத்தளத்தில் கூடம் வைத்திருந்தவர்களின் ட்ரெட்மில் மோட்டார்கள் சேற்று நீரில் மூழ்கியதையும், டம்பெல்களின் மேல் ஒரு விரற்கடை வண்டல் படிந்திருந்ததையும் நேரில் பார்த்தேன். காப்பீடு எடுத்திருந்தவர் அவர்களில் ஒருவர்கூட இல்லை. அந்த வெள்ளத்தில் முழங்காலுக்கு மேல் நீர் நின்ற தெருக்களிலிருந்து முதியவர்களைத் தோளில் தூக்கி வெளியே கொண்டுவந்த பையன்களில் பலர் நம் கூடங்களின் பிள்ளைகள் என்பதையும் இங்கே சொல்லி வைக்கிறேன். அன்று அடைந்த பெருமையை நான் வேறு எந்த ஆணழகன் போட்டியிலும் அடைந்ததில்லை.

ஆக, நெருக்கடி உண்மை. ஆனால் அந்த நெருக்கடிக்கு நாம் கண்டுபிடித்த வழிகள் நம்மையே தின்கின்றன. அவற்றில் முதலாவது, ஆண்டுக் கட்டணத்தை முன்கூட்டியே வாங்கிக்கொள்வது. நகரில் ஒரு ஜிம் ஆடித் தள்ளுபடியோடு பெரிய விளக்கலங்காரத்தில் திறக்கப்பட்டது; பெயர் வேண்டாம். ஆண்டுக்கு 9,999 ரூபாய் என்றதும், மாதம் 800 ரூபாய் கொடுத்துவந்த என் மாணவர்களில் பலர் அங்கே போனார்கள். நான் வருத்தப்படவும் இல்லை. தை பிறப்பதற்குள் ஷட்டர் இறங்கியது. இரவோடு இரவாகக் கருவிகள் லாரியில் ஏறின. பணம் கட்டியவர்கள் தெருவில் நின்றார்கள், மூன்று மாதச் சம்பளம் வராத பயிற்றுநர்களும் அவர்களோடு சேர்ந்து நின்றார்கள். நாடு முழுதும் கிளைகள் வைத்திருந்த பெயர்பெற்ற நிறுவனமொன்றே 2019-இல் கடன் தவணையைக் கட்ட முடியாமல் நிலைகுலைந்ததை நாம் செய்தித்தாளில் படித்தோம். நாளை வரவேண்டிய பணத்தை இன்றே வாங்கிச் செலவழிப்பதுதான் இரண்டு இடத்திலும் நடந்தது. ஏமாந்தவர்கள் 1915 என்ற எண்ணில் தேசிய நுகர்வோர் உதவி மையத்தை அழைக்கலாம், மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையத்துக்குப் போகலாம், சட்டம் இடம் தருகிறது. ஆயினும் 5 ஆயிரம், 10 ஆயிரத்துக்காக யார் அலைவார்கள்? அலையாமல் ஒரே ஒரு முடிவெடுப்பார்கள்: இனி எந்த ஜிம் பக்கமும் போவதில்லை என்று. அந்த முடிவின் நட்டம் உங்களுக்கும் எனக்கும் சேர்த்துத்தான்.

இரண்டாவது வழி, மேசை மேல் அடுக்கி வைத்த பவுடர் டப்பாக்கள். நம் ஊரில் ஒரு பயிற்றுநருக்கு மாதம் 10 ஆயிரம், 12 ஆயிரம் ரூபாய்க்கு மேல் கொடுக்கக் கூடியவர்கள் நம்மில் சொற்பம். காலை 5 மணிக்கு வந்து, இரவு 10 மணிக்குப் பூட்டிவிட்டுப் போகும் அந்த இளைஞன் அதில் குடும்பம் நடத்த முடியாது. ஆகவே ஒரு டப்பா விற்றால் இவ்வளவு கமிஷன் என்று நாமே கற்றுக்கொடுத்தோம். ஒப்புக்கொள்கிறேன், நானும் ஏழு ஆண்டுகள் விற்றேன். அந்த நாளிலிருந்து பயிற்றுநரின் கண் மாணவனின் முதுகுத்தண்டு நேராக இருக்கிறதா என்று பார்ப்பதை விட்டுவிட்டு, அவன் சட்டைப்பையைப் பார்க்கத் தொடங்கிவிட்டது. சேர்ந்து ஒரு வாரம்கூட ஆகாத பையனிடம், சப்ளிமென்ட் இல்லாமல் உடம்பு ஏறாது என்று சொல்கிறோம்.

அது உண்மையா என்பதை அறிந்தவர்களிடம் கேட்போம். ஹைதராபாத்தில் உள்ள தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் 2024 மே மாதம் வெளியிட்ட உணவு வழிகாட்டி, உடம்பை ஏற்றுவதற்காகப் புரதப் பவுடர்களை உண்பதைத் தவிர்க்கச் சொல்கிறது. அதே ஆண்டு, இந்தியச் சந்தையில் கிடைக்கும் 36 புரதப் பொருள்களைக் கேரளத்து மருத்துவர் குழு ஒன்று சோதித்தபோது, அவற்றில் ஏறத்தாழ 70 விழுக்காட்டில் லேபிளில் போட்டிருந்த புரத அளவு சரியில்லை என்று கண்டது. சிலவற்றில் பூஞ்சை நஞ்சும், பூச்சிமருந்தின் எச்சமும் இருந்தன. ஒரு ஸ்கூப்பில் 24 கிராம் புரதம் என்று பெருமையாகச் சொல்கிறோம். நான்கு அவித்த முட்டையிலும் அவ்வளவு உண்டு, நூறு கிராம் நிலக்கடலையிலும் அவ்வளவு உண்டு. நம் வீட்டுப் பெண்கள் வயதுக்கு வந்தால் ஆக்கிப்போடும் உளுந்தங்களியும், மழைக்காலத்து உளுந்தம்பருப்புச் சோறும் எதற்காக ஏற்பட்டவை என்று நம் பாட்டிமார் நம்மைவிடத் தெளிவாக அறிந்திருந்தார்கள். உண்மையாகவே தேவைப்படுகிறவர் மருத்துவரையோ உணவியல் வல்லுநரையோ கேட்டு, இந்திய உணவுப் பாதுகாப்பு ஆணையத்தின் 14 இலக்க உரிம எண்ணைச் சரிபார்த்து, தமக்கு வேண்டிய கடையில் வாங்கிக்கொள்ளட்டும். அதை விற்கும் இடம் நம் மேசையாக இருக்க வேண்டாம்.

பவுடரில் தொடங்கும் பேச்சு எங்கே போய் முடிகிறது என்பதைத்தான் அந்த ஜியாமெட்ரி பாக்ஸில் பார்த்தேன். பவுடருக்குப் பிறகு மாத்திரை, மாத்திரைக்குப் பிறகு சைக்கிள் என்று நாசூக்காகப் பெயரிட்ட ஸ்டீராய்டு ஊசிகள். வெளியிலிருந்து டெஸ்டோஸ்டிரோன் ஏற்றினால் உடம்பு தானாகச் சுரப்பதை நிறுத்திக்கொள்கிறது, விந்தணு குறைகிறது, விதைகள் சுருங்குகின்றன, பையன்களுக்கு மார்பு பெண்களைப் போல் திரள்கிறது, இதயத் தசை தடிக்கிறது, கல்லீரல் கெடுகிறது. திருமணமாகி நான்கு ஆண்டு குழந்தையில்லை என்று மனைவியை மட்டும் மருத்துவரிடம் அனுப்பிக்கொண்டிருந்த ஒருவர், பத்தாண்டுக்கு முன் ஒரு போட்டிக்காகத் தாம் போட்டுக்கொண்ட ஊசிகளைப் பற்றி என்னிடம் அழுதுகொண்டே சொல்லியிருக்கிறார். 2024-ஆம் ஆண்டில் இந்திய விளையாட்டு வீரர்களிடம் எடுத்த 7,113 மாதிரிகளில் 260 மாதிரிகளில் ஊக்கமருந்து இருந்ததாக உலக ஊக்கமருந்துத் தடுப்பு முகமை அறிவித்தது. அதிகமாகச் சோதிக்கும் நாடுகளில் இவ்வளவு மோசமான விகிதம் வேறு எந்த நாட்டிலும் இல்லை. சோதனைக்கு ஆளாகும் வீரர்களின் நிலையே இது. யாரும் சோதிக்காத, போட்டிக்கும் போகாத, கல்யாண ஆல்பத்துக்காகவும் கைப்பேசிப் படத்துக்காகவும் ஊசி ஏற்றிக்கொள்ளும் நம் பிள்ளைகளைப் பற்றிய கணக்கு எந்த ஏட்டிலும் இல்லை. உங்கள் கூடத்தில் அது நடக்கவில்லை என்றால் மகிழ்ச்சி. நடப்பது தெரிந்தும் கழிப்பறைக் குப்பைக்கூடையைப் பார்க்காமல் இருக்கிறோம் என்றால், அந்த ஊசியை நாம் குத்தியதற்கும் அதற்கும் பெரிய வேறுபாடு இல்லை.

படிப்பைப் பற்றிப் பேசும்போது, என் தவற்றிலிருந்தே தொடங்குகிறேன். கூடம் தொடங்கிய இரண்டாவது ஆண்டில், ஒரு பள்ளி எழுத்தரை, அவர் முதுகு வளைவதைக் கவனிக்காமல் தரையிலிருந்து எடையைத் தூக்கி நிமிரும் டெட்லிஃப்ட் பயிற்சியில் 80 கிலோ எடுக்க வைத்தேன். நான்காவது முறை தூக்கும்போது அவர் இடுப்பைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்த ஓசை இன்னும் என் காதில் இருக்கிறது. முதுகெலும்பின் இடைவட்டு விலகிவிட்டது. ஐந்து மாதம் படுத்திருந்தார். அவர் என்னைக் குறை சொல்லவே இல்லை, தமக்குத்தான் பலம் போதவில்லை என்று நினைத்துக்கொண்டார். எனக்கு அன்று இடுப்பு மூட்டை மடக்குவதற்கும் முதுகை மடக்குவதற்கும் உள்ள வேறுபாடு தெரியாது. நன்றாக உடம்பு வைத்திருந்தேன், அதுவே மாஸ்டராகத் தகுதி என்று எண்ணியிருந்தேன். அதற்குப் பிறகுதான் புத்தகத்தைக் கையில் எடுத்தேன், 40 வயதுக்கு மேல் தேர்வெழுதிச் சான்றிதழும் வாங்கினேன்.

கற்பதற்கு இடமில்லை என்று இனி யாரும் சொல்ல முடியாது. சென்னை நந்தனத்தில் இருக்கும் ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்வியியல் கல்லூரி 1920-லேயே தொடங்கப்பட்டது. உடற்கல்விக்கும் விளையாட்டுக்கும் என்றே மேலக்கோட்டையூரில் தமிழ்நாடு அரசின் பல்கலைக்கழகம் இருக்கிறது. நமக்குப் பக்கத்தில் திருச்செந்தூரில் டாக்டர் சிவந்தி ஆதித்தனார் உடற்கல்வியியல் கல்லூரி இருக்கிறது. மூன்றாண்டு படிக்க முடியாதவர்களுக்கு, மத்திய அரசின் திறன் மேம்பாட்டுத் திட்டத்தின் கீழ் விளையாட்டு, உடற்தகுதித் துறைக்கென அமைந்த திறன் குழு, ஃபிட்னஸ் டிரெயினர் என்ற பெயரிலேயே பயிற்சியும் தேர்வும் வகுத்திருக்கிறது. இவ்வளவு இருந்தும், முடிதிருத்தகம் தொடங்குவதற்கும் ஜிம் தொடங்குவதற்கும் நடைமுறையில் நம் ஊரில் வேறுபாடு இல்லை. நெஞ்சைப் பிடித்துக்கொண்டு ஒருவர் சாய்ந்தால், 108 வண்டி வந்து சேரும் வரை நெஞ்சை அழுத்தி உயிரைப் பிடித்து வைக்கத் தெரிந்தவர் எத்தனை கூடங்களில் இருக்கிறார்? புதிதாகச் சேர வருகிறவரிடம், இதய நோய் உண்டா, நடக்கும்போது நெஞ்சில் வலி வருமா, மயக்கம் வருமா, மூட்டில் கோளாறு உண்டா, மருந்து சாப்பிடுகிறீர்களா என்று ஐந்து நிமிடம் கேட்பதற்கு ஒரு ரூபாய்கூடச் செலவாகாது. நாம் கேட்பதெல்லாம் ஒரு மாதமா, மூன்று மாதமா என்பது ஒன்றுதான்.

பெண்களைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். மூன்று ஆண்டுகளுக்கு முன், காலை 10 முதல் 12 மணி வரை பெண்களுக்கு மட்டும் என்று ஒதுக்கி, உடற்கல்வி படித்த ஒரு தங்கையைப் பயிற்றுநராக வைத்தேன். மேலப்பாளையத்திலிருந்து 52 வயது அம்மா ஒருவர், மகள் கட்டாயப்படுத்தி அழைத்துவர, வாசலிலேயே தயங்கி நின்றார்கள். பத்து வயதிலிருந்து சொளவை மடியில் வைத்துக்கொண்டு பீடி சுற்றியவர்கள். கழுத்தும் தோளும் முன்னோக்கிக் குவிந்து அப்படியே இறுகியிருந்தன. தரையிலிருந்து எழுந்திருக்க இரண்டு கையையும் ஊன்ற வேண்டியிருந்தது. அவர்களுக்கு எடை எதுவும் கொடுக்கவில்லை. நாற்காலியில் உட்கார்ந்து எழுவது, சுவரில் கைவைத்துத் தள்ளுவது, ரப்பர் பட்டையைப் பின்னோக்கி இழுப்பது, இவ்வளவுதான். நான்காவது மாதம் ஒரு நாள், பாயில் உட்கார்ந்திருந்தவர்கள் கையை ஊன்றாமல் எழுந்து நின்றார்கள். நின்ற பிறகுதான் அதை அவர்களே உணர்ந்தார்கள். "நா எந்திச்சிட்டேன்லா" என்று பயிற்றுநரின் கையைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். மேலப்பாளையத்திலும் முக்கூடலிலும் பேட்டையிலும் அப்படிக் குனிந்தே வாழ்ந்த பெண்கள் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். நம் கூடங்களின் சுவர்களில் ஒட்டியிருக்கும் வெளிநாட்டு ஆணழகர்களின் படங்களைப் பார்த்து அவர்களில் யாராவது உள்ளே வருவார்களா என்று எண்ணிப் பாருங்கள். பகலெல்லாம் பூட்டிக்கிடக்கும் நேரத்தில் அவர்களுக்குக் கதவைத் திறந்தால் நம் வாடகைக்கும் வழி பிறக்கும். என் கூடத்தின் மின்கட்டணத்தை இன்று அந்த இரண்டு மணி நேரம்தான் கட்டுகிறது.

நாம் செய்ய வேண்டியது என்று நான் கருதுவதை இப்போது நேராகச் சொல்லிவிடுகிறேன். மாவட்ட அளவில் நாமெல்லாரும் ஒன்றாகக் கூடி, மாவட்ட ஆட்சியரிடமும் தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையத்திடமும், உடற்பயிற்சிக் கூடங்களைப் பதிவு செய்து முறைப்படுத்துங்கள் என்று நாமே கேட்க வேண்டும். செங்கோட்டையைத் தாண்டினால் கேரளம். அங்கே 2022-இல் உயர் நீதிமன்றம், பொதுமக்கள் கூடும் இடங்களுக்கான 1963-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி ஜிம்கள் உரிமம் பெற வேண்டும் என்று உத்தரவிட்டது. இங்கும் ஒரு நாள் வரும். ஏதேனும் ஒரு கூடத்தில் ஒரு பையன் இறந்த பிறகு, ஆத்திரத்தில், நம்மைக் கேளாமல், நம் தொழில் தெரியாதவர்கள் எழுதிய விதிகளாக வருவதைவிட, தொழில் தெரிந்த நாம் உட்கார்ந்து சொல்லி வருவது நல்லது. தேர்வு எழுதிய ஒரு பயிற்றுநராவது கூடம் திறந்திருக்கும் நேரமெல்லாம் இருக்க வேண்டும், இருப்பவர்கள் அனைவரும் முதலுதவி கற்றிருக்க வேண்டும், மூன்று மாதத்துக்கு மேல் முன்பணம் வாங்கக் கூடாது, கூடத்துக்குள் ஊசியோ மாத்திரையோ விற்றால் பதிவு நீங்க வேண்டும் என்ற நான்கும் என் மனத்தில் இருக்கின்றன. உங்களிடம் இதைவிடச் சிறந்தவை இருக்கலாம்.

அதற்கு ஈடாக அரசிடம் கேட்பதற்கும் நமக்கு உரிமை உண்டு. ஜிம் கட்டணத்தின் மேல் இருந்த 18 விழுக்காடு வரி, 2025 செப்டம்பர் 22 முதல் 5 விழுக்காடாகக் குறைந்தது நல்ல செய்தி. ஆனால் கருவி வாங்கும்போது கட்டும் வரியை இனி கழித்துக்கொள்ள முடியாது என்பதால், ஜி.எஸ்.டி. பதிவு பெற்ற கூடங்களுக்கு அதன் பயன் குறைந்துவிட்டது. பதிவு செய்து விதிகளின்படி நடக்கும் சிறு கூடங்களுக்கு மின்கட்டணத்தில் சலுகையும், வெள்ளம் போன்ற இடர்களுக்குக் காப்பீடும், பயிற்றுநர் தேர்வுக் கட்டணத்தில் உதவியும் கேட்கலாம். தேர்வெழுதிய பயிற்றுநருக்கு அதற்கேற்ற சம்பளம் கொடுக்க வேண்டியவர்கள் நாம்தாம். கட்டணத்தை 200 ரூபாய் உயர்த்தினால் ஆள் போய்விடுவார்கள் என்று அஞ்சுகிறோம். டப்பா விற்பதை நிறுத்திய ஆண்டில் நான் 150 ரூபாய் உயர்த்தினேன். காரணத்தை வாசலில் எழுதி ஒட்டினேன். 11 பேர் விலகினார்கள். அவர்களில் ஏழு பேரின் தாய்மார்களோ தகப்பன்மார்களோ பிறகு தாமாக வந்து பிள்ளைகளை மீண்டும் சேர்த்துவிட்டுப் போனார்கள்.

அந்தப் பையன் இப்போதும் வருகிறான். இரண்டு மாதம் எடை எதையும் தொட விடவில்லை. நடையும் மூச்சுப் பயிற்சியும் மட்டுமே. இந்த வாரம்தான் வெறும் கம்பியை வைத்து ஸ்குவாட் தொடங்கியிருக்கிறான். ஜியாமெட்ரி பாக்ஸ் என் மேசை இழுப்பறையில் காலியாகக் கிடக்கிறது.

வரும் நான்கு ஞாயிற்றுக்கிழமைகளிலும் காலை 10 மணி முதல் என் கூடம் இதற்காகத் திறந்திருக்கும். டவுணிலிருந்தும், அம்பாசமுத்திரத்திலிருந்தும், வள்ளியூரிலிருந்தும், தென்காசி தனி மாவட்டமாகிவிட்ட பிறகும் நம்மோடு ஒட்டியிருக்கும் அண்ணாச்சிமார்களும் வர வேண்டும். வரும்போது உங்கள் பயிற்றுநர்களையும், அவர்களிடம் இருக்கும் சான்றிதழ்களின் நகல்களையும் கொண்டு வாருங்கள். இல்லாதவர்களின் பெயர்களையும் எழுதிக்கொண்டு வாருங்கள். முதல் தேர்வுக்கு எத்தனை பேர் எழுத வேண்டும் என்பதை அன்றே கணக்கெடுத்து, ஆட்சியரிடம் கொடுக்க வேண்டிய மனுவையும் அங்கேயே எழுதிவிடலாம்.

அன்புடன்,
பாளையங்கோட்டையிலிருந்து உங்கள் சக தொழிலாளி